கிளைவ் சர்ச்சில் பொம்மை: சட்டைப் பட்டை ஒருவழியாகப் படிந்தது

ஆஸ்திரேலிய ரக்பி லீக் வீரர் கிளைவ் சர்ச்சிலின் குட்டிப் பொம்மைக்குப் பெயின்ட் அடித்துக்கொண்டிருக்கிறேன். அவர் ஆடிய சவுத் சிட்னி அணிச் சட்டையின் சிவப்பு, பச்சைப் பட்டைகள் நேற்று ராத்திரி சரியாக விழுந்துவிட்டன. 54 மில்லிமீட்டர் உருவத்தில் இதைவிடச் சுத்தமாக யாரும் போட்டு நான் பார்த்ததில்லை, அவ்வளவு சந்தோஷம்.

காட்சி 1955, மேன்லி அணிக்கு எதிரான ஆட்டம். ஆரம்பத்திலேயே சர்ச்சிலுக்குக் கை முறிந்துவிட்டது. நோட்டுப் புத்தக அட்டையை வைத்துக் கட்டிக்கொண்டு தொடர்ந்து ஆடியவர், கடைசி நேரத்தில் 7-7 என்று சமமானதும் ஓரக்கோட்டுப் பக்கமிருந்து கன்வர்ஷனை (எதிரணிக் கோட்டைத் தாண்டிப் பந்தை வைத்த பிறகு கிடைக்கும் இரண்டு புள்ளி உதை) உதைத்து 9-7 ஆக்கினார். உலகத்தின் மிகச் சிறந்த ஃபுல்பேக் (எல்லாருக்கும் பின்னால் நிற்கும் கடைசித் தடுப்பு வீரர்) அவர்தான் என்று நான் நம்புவதற்கு இந்த ஓர் உதையே போதும்.

அட்டைக்கட்டு சுலபம், பசையில் நனைத்த காகிதம். பட்டைதான் உயிரை எடுத்தது. மாஸ்கிங் டேப் துணி மடிப்புக்குள் உட்காராது. பென்சிலை ஒரே உயரத்தில் நிறுத்தி உருவத்தைச் சுற்றினால் கோடு நேராக வரும், ஆனால் பார்க்கப் பொய்யாக இருக்கும், ஏனென்றால் பட்டை துணியோடு போகிறது, கை தூக்கினால் அதுவும் ஏறும், இடுப்பு மடிந்தால் இறங்கும். அதனால் மடிப்பின் மேட்டில் மட்டும் புள்ளி வைத்துக்கொண்டு, சட்டை முழுக்க முதலில் சிவப்பு, காய்ந்தபின் அதன்மேல் பச்சை. தலைகீழாகச் செய்தால் சிவப்பு செத்துப்போகும். நிழலுக்குக் கறுப்பு தொடவே இல்லை. சிவப்பில் துளி பச்சை, பச்சையில் துளி சிவப்பு, பழைய பருத்திச் சட்டை மாதிரியே இருக்கிறது. சவுத் சிட்னியின் முயல் சின்னம் வேண்டாம், அப்போது சட்டையில் அது கிடையாது.

சிவப்புப் பெயின்ட் இணையத்தில் வாங்கியது, பாதி இறுகிய நிலையில் வந்தது, திருப்பி எடுக்கவும் மாட்டேன் என்கிறார்கள். இனி நேரில் குலுக்கிப் பார்த்துத்தான் வாங்குவேன்.

அடுத்து 1950 சிட்னி டெஸ்ட். முப்பது வருஷம் கழித்து பிரிட்டன் அணியிடமிருந்து ஆஸ்திரேலியா ஆஷஸைப் (கிரிக்கெட் இல்லை, ரக்பி லீக் ஆஷஸ்) பிடுங்கிய 5-2 ஆட்டம், கேப்டன் இவர்தான். முழங்கால்வரை சேறு, அதற்குக் காப்பித்தூளும் மேட் வார்னிஷும் கலந்து வைத்திருக்கிறேன். அப்புறம் பயிற்சியாளர் சர்ச்சில்: 1967, 68, 70, 71 என்று அதே சவுத் சிட்னிக்கு நான்கு பட்டம் வாங்கிக் கொடுத்தவரை உட்கார்ந்த நிலையில் செய்ய வேண்டும்.

அதற்குமுன் இதில் பந்தும் பூட்ஸும் பாக்கி. அந்தக் காலத்துத் தோல்பந்தின் தையலுக்கு எபாக்ஸி புட்டியில் (பிசைந்து வைத்தால் இறுகும் களிமண் மாதிரியான பசை) கீறுவதா, நூல் ஒட்டுவதா? நூலைத்தான் முதலில் பார்க்கப் போகிறேன்.