சித்த மருத்துவமனையில் அம்மா, இன்சூரன்ஸ் ஆபீஸில் நான்

சித்த மருத்துவமனையில் உள்நோயாளியாகச் சேர்ந்து, அப்புறம் மருத்துவக் காப்பீட்டில் பணம் கேட்கப் போகிறவர்களுக்காக எழுதுகிறேன். வைத்தியத்தில் எனக்கு ஒரு குறையும் இல்லை. நடந்தது வைத்தியம்தான் என்று காகிதத்தில் காட்டுவதற்குள்தான் தாவு தீர்ந்துவிட்டது.

அம்மாவுக்கு 67 வயது. சர்க்கரை, பிரஷர் இரண்டும் உண்டு, மாத்திரையில் கட்டுக்குள் இருக்கின்றன. முழங்கால் இரண்டும் தேய்மானம், வலது கால்தான் மோசம். எலும்பு மருத்துவர் எக்ஸ்ரேயைப் பார்த்துவிட்டு, என்றைக்காவது மூட்டு மாற்று அறுவைச் சிகிச்சை செய்யவேண்டியிருக்கும், ஆனால் அவசரமில்லை என்றார். நியாயமாகத்தான் சொன்னார். அம்மா காதில் விழுந்தது 'அறுவை' மட்டும். அன்றிலிருந்து சாப்பாடு பாதியானது. சரி, அவசரமில்லை என்று டாக்டரே சொல்கிறாரே, அதற்குள் சித்த மருத்துவம் பார்ப்போம் என்று முடிவு செய்தோம்.

உடனே சொந்தக்காரர் ஒருவர் சிபாரிசில் ஒரு பரம்பரை வைத்தியர். பரம்பரையாகச் செய்கிறவர்களில் நல்லவர்கள் உண்டு, இவர் அந்த வகை இல்லை. நாடி பிடித்தார், கண்ணை மூடினார், கறுப்பு உருண்டைகளைக் காகிதத்தில் மடித்துக் கொடுத்தார். "இங்கிலீஷ் மாத்திரை எல்லாத்தையும் இன்னையோட நிறுத்திருங்க" என்றார். சர்க்கரை மாத்திரையையுமா என்றேன். "எல்லாத்தையும்தான்." எழுந்து வந்துவிட்டோம். பொட்டலத்தில் பெயரும் இல்லை, தேதியும் இல்லை. சித்த மருந்தானாலும் லேபிளில் உரிம எண், பேட்ச் எண், தயாரித்த தேதி, காலாவதித் தேதி இருக்கவேண்டும். லேபிள் இல்லாத மூட்டுவலி மருந்துகளில் ஸ்டீராய்டு கலந்திருந்தது எத்தனையோ முறை பிடிபட்டிருக்கிறது. இரண்டே நாளில் வலி பறந்துபோனால் சந்தோஷப்படாதீர்கள், சந்தேகப்படுங்கள்.

பாளையங்கோட்டை அரசு சித்த மருத்துவக் கல்லூரி, சென்னை அரும்பாக்கத்து அண்ணா மருத்துவமனை, தாம்பரம் சானடோரியத்தில் தேசிய சித்த மருத்துவ நிறுவனம், எல்லா இடத்திலும் உள்நோயாளிகளைச் சேர்க்கிறார்கள். அங்கே போயிருந்தால் க்ளெய்ம் என்ற பேச்சே வந்திருக்காது. அம்மாவோ அக்கா வீட்டுப் பக்கம்தான் வருவேன் என்று பிடிவாதம். அக்கா ஊரில் இருந்தது ஒரு தனியார் சித்த மருத்துவமனை. அங்கே போனோம்.

அந்த மருத்துவரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும், பின்னால் வந்த வம்பு அங்கிருந்துதான் ஆரம்பிக்கிறது. எம்.டி. சித்தா படித்த பெண். பெண்களுக்கு இடது கையில் நாடி பார்ப்பது வழக்கம், அப்படித்தான் பார்த்தார். நாக்கு, கண், தோல், குரல், மலம், சிறுநீர் என்று சித்த மருத்துவத்தில் நோயைக் கணிக்கும் எண்வகைத் தேர்வு முழுவதையும் நிதானமாக முடித்தார். வீட்டில் எத்தனை படி, தண்ணீர்க்குடம் யார் தூக்குவது, எந்தப் பக்கம் ஒருக்களித்துப் படுப்பீர்கள் என்றெல்லாம் கேட்டார். கடைசியில், "ராத்திரி தூக்கம் எப்படிம்மா?"

"அவுக போனதுக்கப்புறம் ஏது தூக்கம் டாக்டரம்மா" என்றார் அம்மா. அப்பா இறந்து ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. மருத்துவர் பேனாவை எடுக்கவில்லை. நாடி பார்த்த விரல்களை மணிக்கட்டிலிருந்து எடுக்கவும் இல்லை. அம்மா பேசி முடிக்கும் வரை அப்படியே உட்கார்ந்திருந்தார். வெளியே டோக்கன் போட்டவர்கள் முணுமுணுப்பது எங்களுக்கே கேட்டது.

அப்புறம் ஒளிவுமறைவில்லாமல் சொன்னார்: "தேஞ்சது தேஞ்சதுதாம்மா, அதை வளர்க்க என்கிட்ட மருந்தில்லை. வீக்கத்தையும் வலியையும் குறைக்கலாம், தொடைச் சதையைப் பலப்படுத்தலாம், தூக்கத்தைக் கொண்டுவரலாம். சர்க்கரை மாத்திரையை ஒருவேளைகூட விடக்கூடாது." ரத்தச் சர்க்கரைக்கு மூன்று மாதச் சராசரியும் புது எக்ஸ்ரேயும் கேட்டு வாங்கிக்கொண்டார். சர்க்கரைக்காரர்கள் கவனிக்கவேண்டிய ஒன்று: லேகியங்களில் வெல்லமோ கருப்பட்டியோ இருக்கும், பல சூரணங்களுக்குத் தேன்தான் அனுபானம், அதாவது மருந்தைக் குழைத்துச் சாப்பிடும் பொருள். நீங்களாகக் கேளுங்கள். அம்மாவுக்கு லேகியமே கொடுக்கவில்லை, சூரணம் வெந்நீரில்.

வைத்தியம் சுமுகமாக நடந்தது. முதலில் பேதிக்குக் கொடுத்து ஒருநாள் மோர்சாதம். அப்புறம் தைலம், ஒற்றடம், பற்று, தொக்கணம் (சித்த முறையில் உடம்பைப் பிடித்துவிடுவது), முழங்காலுக்கு அடியில் சுருட்டிய துண்டை வைத்து அழுத்தும் பயிற்சி. பத்தியத்தில் கருவாட்டையும் கத்தரிக்காயையும் விட்டது அம்மாவுக்குத்தான் துக்கம். வரும்போது கைத்தாங்கலாக வந்தவர், போகும்போது பஸ் படியில் கம்பியைப் பிடித்துக்கொண்டு தானே ஏறினார்.

இனி காகிதம்.

மருத்துவமனை எங்கள் காப்பீட்டு நிறுவனத்தின் பட்டியலில் இல்லை. அதனால் முதலில் நாம் கட்டிவிட்டுப் பிறகு வாங்கிக்கொள்ளவேண்டும். சேர்வதற்கு முன்பே தகவல் சொல்லவேண்டும் என்பதால் கிளை அலுவலகத்துக்குப் போனேன். கவுண்டரில் இருந்தவர் தலையைத் தூக்காமலே, "சித்தா, ஆயுர்வேதா எல்லாம் கவர் ஆகாது மேடம்" என்றார். பாலிசியில் ஆயுஷ் என்று, அதாவது சித்தா, ஆயுர்வேதா போன்ற வைத்தியங்களுக்கான பொதுப்பெயர், இருக்கிறதே என்றால், "அது பேருக்கு இருக்கும்." ஒரு லீவு வீணாயிற்று. மறுமுறை போகும்போது காப்பீட்டு நிறுவனங்களைக் கட்டுப்படுத்தும் ஆணையமான ஐ.ஆர்.டி.ஏ.ஐ. 2024 ஜனவரி 31 அன்று விட்ட சுற்றறிக்கையைப் பிரிண்ட் எடுத்துக்கொண்டு போனேன். ஆயுஷ் சிகிச்சையை மற்ற சிகிச்சைகளுக்குச் சமமாக நடத்தவேண்டும், கட்டுப்பாடு வைத்திருக்கும் பழைய பாலிசிகளை ஏப்ரல் 1-க்குள் திருத்தவேண்டும் என்று அதில் இருக்கிறது. படித்துப் பார்த்துவிட்டு, "இது எங்களுக்கு வரலையே" என்றார். வந்த மின்னஞ்சலைப் படிப்பதற்கும் சேர்த்துத்தானே சம்பளம். எப்படியோ, தகவல் சொன்னதற்கு அத்தாட்சியான தகவல் எண் கிடைத்தது. அந்த எண்ணை எழுத்தில் வாங்காமல் நகராதீர்கள்.

டிஸ்சார்ஜ் அன்று பில்லைப் பார்த்தால், 'மூட்டுப் புத்துணர்வு பேக்கேஜ்' என்று ஒரே வரி, ஒரே தொகை. சுற்றுலா விடுதி மசாஜ் போல. பில் போட்ட பையனிடம் அறை வாடகை, மருத்துவர் கட்டணம், மருந்து, வெளிப்பிரயோகம் என்று பிரித்துக் கேட்டேன். "எங்க சாஃப்ட்வேர்ல அப்படித்தாங்க்கா வரும்." மருத்துவரிடம் போய் நின்ற பிறகு சாஃப்ட்வேர் வேறு மாதிரியும் வந்தது. க்ளெய்ம் படிவத்தின் இரண்டாம் பகுதியை மருத்துவமனை நிரப்பவேண்டும். அதில் முத்திரை விழவில்லை என்பதை வீட்டுக்கு வந்துதான் பார்த்தேன். திரும்பப் போனால் முத்திரை இருக்கும் பீரோ சாவி மேனேஜரிடம், மேனேஜர் கல்யாணத்துக்குப் போயிருந்தார். கிளம்புமுன் ஒவ்வொரு பக்கமாகப் புரட்டிப் பாருங்கள்: முத்திரை, கையெழுத்து, மருத்துவரின் பதிவு எண், மருத்துவமனையின் பதிவுச் சான்று நகல்.

எல்லாம் அனுப்பிய பிறகு முதல் கேள்விக் கடிதம் வந்தது. கேஸ் ஷீட்டில் 'நெய்க்குறி பார்க்கப்பட்டது' என்று இருக்கிறதாம், அதன் லேப் ரிப்போர்ட்டை அனுப்பவேண்டுமாம். நெய்க்குறி என்பது காலைச் சிறுநீரில் ஒரு சொட்டு நல்லெண்ணெய் விட்டு, அது பாம்பாக நீள்கிறதா, மோதிரமாகப் படர்கிறதா, முத்தாக நிற்கிறதா என்று பார்த்து வாதம், பித்தம், கபம் சொல்வது. எந்த லேபில் போய் ரிப்போர்ட் வாங்குவது? மருத்துவர் சிரித்துவிட்டு, தேர்வு முறையை அரைப்பக்கத்தில் விளக்கி எழுதி, எக்ஸ்ரேயையும் ரத்தப் பரிசோதனைகளையும் மறுபடி இணைத்துக் கொடுத்தார்.

அடுத்து வந்ததுதான் வயிற்றெரிச்சல். க்ளெய்ம் நிராகரிப்பு. காரணம், விலக்கு எண் 05: ஓய்வுக்காகவும் மறுவாழ்வுப் பராமரிப்புக்காகவும் சேர்ந்தால் பணம் கிடையாது. ஆதாரம் என்ன தெரியுமா? கேஸ் ஷீட்டில் மருத்துவர் எழுதியிருந்த வரி: 'கணவர் மறைவுக்குப் பின் தூக்கமின்மை, மனச்சோர்வு.' நோயாளி துக்கத்தில் இருந்தார், ஓய்வெடுக்கச் சேர்ந்தார் என்று கதையை முடித்துவிட்டார்கள். முழங்காலைத் தாண்டி அந்த மனுஷியைப் பார்த்த ஒரே டாக்டர் எழுதிய ஒரே வரி, அம்மாவுக்கே எதிராகத் திரும்பியது. முழங்காலை மட்டும் பார்த்து முழங்காலை மட்டும் எழுதியிருந்தால் பணம் ஒழுங்காக வந்திருக்கும் போல.

எனக்கு வந்த கோபத்தில் நாலு பக்கம் எழுதிக் கொண்டுபோனேன். மருத்துவர் படித்துவிட்டு மடித்து ஓரமாக வைத்தார். "இதுல ஒண்ணுக்கும் அவங்க பதில் சொல்ல மாட்டாங்கம்மா. நாம விலக்கு எண்ணுக்கு மட்டும் பதில் சொல்லுவோம்." அந்த விலக்கின் வாசகம், படுக்க வைப்பதையே முதன்மை நோக்கமாகக் கொண்டு, சிகிச்சை பெறாமல் சேர்வதைப் பற்றியது. ஆகவே தினமும் சிகிச்சை நடந்தது என்று காட்டினால் போதும். அதற்கு அவரிடம் ஒரு நோட்டு இருந்தது. செவிலியர் காலையும் மாலையும் எழுதியது: என்ன மருந்து, எந்தத் தைலம், எத்தனை நிமிடம், வலி பத்துக்கு எவ்வளவு, முழங்கால் எத்தனை டிகிரி மடங்குகிறது, சர்க்கரை அளவு. ஒவ்வொரு நாளுக்கும் கீழே அம்மாவின் கோணல் கையெழுத்து. ஆயுஷ் மருத்துவமனை என்று காப்பீட்டு விதிகள் ஏற்க, குறைந்தது 5 படுக்கைகள், எந்நேரமும் பொறுப்பில் தகுதிபெற்ற மருத்துவர், சிகிச்சைக்குத் தனிப்பிரிவு, இவற்றோடு அன்றாடப் பதிவேடும் வேண்டும். அந்தப் பதிவேடுதான் இது. பக்கம் பக்கமாக நகலெடுத்தோம். ஏன் வெளிநோயாளியாகப் பார்க்க முடியவில்லை என்று மருத்துவர் தனிக்கடிதம் கொடுத்தார்: சர்க்கரைக்காரருக்குப் பேதி மருந்து கொடுக்கும்போது கண்காணிப்பு தேவை, ஒருநாளில் இருவேளை வெளிப்பிரயோகம், நடமாட்டக் குறைவு. தூக்கமின்மை பற்றிய வரியை அவர் மாற்றவில்லை. மாற்றலாமா என்று நானே கேட்டேன். "அதுவும் நோய்தானே" என்றார், அவ்வளவுதான்.

இதை நிறுவனத்தின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு மின்னஞ்சலிலும் பதிவுத் தபாலிலும் அனுப்பினேன். கடைசி வரியில், 30 நாளில் தீர்வு இல்லையென்றால் காப்பீட்டுப் புகார்களை விசாரிக்கும் ஆம்புட்ஸ்மேனிடம் போவேன் என்று எழுதினேன். சென்னையிலேயே அலுவலகம் இருக்கிறது, கட்டணம் இல்லை, வக்கீல் தேவையில்லை, நிறுவனம் நிராகரித்ததிலிருந்து ஒரு வருடத்துக்குள் போகலாம். அந்த வரியின் மகிமையோ நோட்டின் மகிமையோ, க்ளெய்ம் மறுபடி திறக்கப்பட்டு, கெடுவுக்குள்ளேயே பணம் வங்கிக்கு வந்துவிட்டது. அம்மாவிடம் சொன்னேன். "அந்த நர்சுப் பிள்ளைக்கு ஒரு சேலை எடுத்துக் குடு" என்றார். எடுத்துக் கொடுத்தேன்.

தைலத்துக்கான தொகையை மட்டும் பிடித்துக்கொண்டார்கள். அது மருந்து இல்லையாம், மசாஜ் எண்ணெயாம், நுகர்பொருள் கணக்காம். நல்லவேளை, காலிப் பாட்டில்களை அக்கா தூக்கிப் போடவில்லை. உரிம எண்ணும் பேட்ச் எண்ணும் தெரிகிற மாதிரி லேபிளைப் படம் எடுத்து, மருந்துச் சீட்டோடு சேர்த்துப் போன வாரம் அனுப்பியிருக்கிறேன். பெரிய தொகை இல்லை. ஆனாலும் விடுவதாக இல்லை.