கோர்ட்டில் வேலை

நான் படித்தது பாதிரியார்கள் நடத்திய விடுதிப் பள்ளியில். அங்கே 'ரெக்டர்' என்றால் வெள்ளை அங்கி, கையில் பிரம்பு, இரவுப் படிப்பு நேரத்தில் சத்தமே இல்லாமல் பின்னால் வந்து நிற்கும் ஒரு மூச்சு. அதனால் ஸ்காட்லாந்தின் பழைய பல்கலைக்கழகம் ஒன்றில் செயலக உதவியாளராகச் சேர்ந்த முதல் வாரம், "புதன்கிழமை ரெக்டர் வருகிறார்" என்று மேலதிகாரி சொன்னபோது என் முதுகு தானாக நிமிர்ந்தது. வந்தவர் சைக்கிள் ஹெல்மெட்டைக் கழற்றிக்கொண்டே, கழிவறை எந்தப் பக்கம் என்று என்னிடம் கேட்டார்.

இன்னொரு குழப்பம் வேலையின் பெயரில் இருந்தது. அங்கே பல்கலைக்கழகத்தின் உச்ச நிர்வாகக் குழுவுக்குப் பெயர் 'கோர்ட்'. நம்மூர் சிண்டிகேட் மாதிரி. கோர்ட் கூட்டத்துக்குக் காகிதம் தயாரித்து, நடந்ததைக் குறிப்பெடுப்பதுதான் என் வேலை. அம்மாவிடம் போனில் அப்படியே சொல்லிவிட்டேன். அடுத்த வாரம் ஊரிலிருந்து ஒரு சித்தப்பா அழைத்து, பட்டா விவகாரத்தில் யோசனை கேட்டார். பையன் லண்டன் கோர்ட்டில் இருக்கிறான் என்று தெருவில் பேச்சு. நான் இருந்தது லண்டனும் இல்லை, அது நீதிமன்றமும் இல்லை என்று விளக்கிப் பார்த்துவிட்டு, கடைசியில் விட்டுவிட்டேன்.

அந்தக் கோர்ட்டுக்குத் தலைமை தாங்கும் உரிமை உள்ளவர்தான் ரெக்டர். அவரைத் தேர்ந்தெடுப்பவர்கள் மாணவர்கள். செயின்ட் ஆண்ட்ரூஸ், கிளாஸ்கோ, அபர்டீன் மூன்றிலும் மாணவர்கள் மட்டும் ஓட்டுப் போடுகிறார்கள். எடின்பரோவில் ஊழியர்களுக்கும் ஓட்டு உண்டு. (எனக்குக் கிடையாது. ஆகவே நான் எங்கே இருந்தேன் என்று பாதி ஊகித்துவிடலாம். மீதியை ஊகிக்க வேண்டாம்.) பதவிக்காலம் 3 ஆண்டு. அன்றாட நிர்வாகம் பிரின்சிபல் கையில். நம்மூர் துணைவேந்தரின் இடம் அது. மாணவர்கள் தேர்ந்தெடுத்த ஒருவர் துணைவேந்தரை வைத்துக்கொண்டு சிண்டிகேட் கூட்டத்துக்குத் தலைமை தாங்குவதை என்னால் கற்பனைகூடச் செய்ய முடியவில்லை. இவர்களோ 1858ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே அதை எழுதி வைத்துவிட்டார்கள்.

எழுதி வைத்ததற்கும் நடப்பதற்கும் உள்ள தூரத்தை என் முதல் கூட்டத்திலேயே பார்த்தேன், அதுவும் என் தவறால். மேசையில் பெயர்ப்பலகைகளை அடுக்கும் பொறுப்பு எனக்கு. கோப்பில் கிடந்த இருக்கை வரைபடத்தைப் பார்த்து வைத்தேன். நடுநாயகமாக மூத்த வெளி உறுப்பினர், வலப்பக்கம் பிரின்சிபல், இடப்பக்கம் செயலர், ரெக்டருக்கு ஜன்னலோரம். அவர் உள்ளே வந்தார், மேசையைப் பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை. தன் பலகையைத் தானே எடுத்துக்கொண்டு போய் நடுவில் வைத்தார். இருந்த பலகையை மெல்ல ஓரமாக நகர்த்திவிட்டு உட்கார்ந்தார். அறையில் எல்லோரும் திடீரென்று தங்கள் காகிதங்களில் மூழ்கினார்கள். தேநீர் இடைவேளையில் மன்னிப்புக் கேட்கப் போனேன். "விடுங்கள், போன வருடமும் இதேதான்" என்றார். நான் பார்த்து வைத்தது போன வருட வரைபடம்.

மூத்த வெளி உறுப்பினர் என்பது 2016ஆம் ஆண்டு உயர்கல்வி ஆட்சிமைச் சட்டத்தில் வந்த பதவி. கோர்ட்டை வழிநடத்தும் பொறுப்பு அவருக்கு. ரெக்டர் தலைமை வகிப்பார், அவர் வழிநடத்துவார்! இதைத் தமிழில் சொல்லிப் பார்த்தால் இரண்டும் ஒன்றாகத்தான் தெரிகிறது. ஆங்கிலத்திலும் பெரிய வித்தியாசம் இல்லை என்பது என் ரகசியக் கருத்து. நடைமுறையில் எங்களிடம் ரெக்டர் கூட்டத்தைத் தொடங்கி வைப்பார், முடித்து வைப்பார். நடுவில் கனமான விஷயங்களை மற்றவர் நகர்த்துவார்.

ஆனால் நாற்காலிச் சண்டை வெறும் மேல்பூச்சுதான். குறிப்பெடுப்பவனுக்குத்தான் தெரியும், அதிகாரம் கூட்டத்தில் இல்லை, நிகழ்ச்சிநிரலில் இருக்கிறது. கூட்டத்துக்கு மூன்று வாரம் முன்னால் பிரின்சிபல், செயலர், மூத்த வெளி உறுப்பினர் மூவரும் உட்கார்ந்து எது விவாதத்துக்கு, எது ஒப்புதலுக்கு, எது 'தகவலுக்கு மட்டும்' என்று பிரிப்பார்கள். அந்தக் கூட்டத்துக்கு ரெக்டருக்கு அழைப்பு இல்லை. ஏன் இல்லை என்று ஒருமுறை கேட்டேன். வழக்கமில்லை என்றார்கள். விடுதி வாடகை உயர்வு 'தகவலுக்கு மட்டும்' என்ற வரிசையில் போனால் அது முடிந்த கதை. ஒரு வாரம் முன்னால் நானூறு பக்கம் கோப்பாக அனுப்புவோம். பலர் முதல் பக்கச் சுருக்கத்தோடு நிறுத்திக்கொள்வார்கள் என்பது அவர்கள் பேசும்போதே தெரிந்துவிடும். எங்கள் ரெக்டர் மட்டும், கணினியில் படித்தால் மண்டையில் ஏறாது என்று சொல்லி அச்சுப் பிரதி கேட்பார். ரயிலில் பென்சிலோடு படிப்பாராம்.

இத்தனைக்கும் இந்தப் பதவிக்குச் சம்பளம் கிடையாது.

பழைய ரெக்டர்கள் பட்டியலை மதிய உணவு நேரத்தில் படிப்பது எனக்கு ஒரு பொழுதுபோக்காகிவிட்டது. ஸ்காட்லாந்தின் மனநிலை தலைமுறைக்குத் தலைமுறை மாறிய கதை அதில் இருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் அரசியல் தலைவர்களும் சிந்தனையாளர்களும்: எடின்பரோவில் கிளாட்ஸ்டன், கார்லைல், செயின்ட் ஆண்ட்ரூஸில் ஜான் ஸ்டூவர்ட் மில். கார்லைல் 1866 ஏப்ரலில் எடின்பரோவில் ஏற்புரை ஆற்றிப் பெரும் புகழோடு ஸ்காட்லாந்திலேயே தங்கியிருந்தபோது, அதே மாதம் லண்டனில் அவர் மனைவி இறந்துபோனார். அந்த இரண்டு தேதிகளையும் அடுத்தடுத்துப் பார்த்த நாளில் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

1960களுக்கு மேல் பட்டியல் சூடாகிறது. பத்திரிகையாளர் மால்கம் மக்கரிட்ஜ் எடின்பரோவின் ரெக்டர். மாணவர்கள் சுகாதார மையத்தில் கருத்தடை மாத்திரை வேண்டும் என்று கேட்டார்கள். அவர் மனசாட்சி ஒப்பவில்லை. 1968 ஜனவரியில் செயின்ட் ஜைல்ஸ் தேவாலயப் பிரசங்க மேடையில் நின்று ராஜினாமாவை அறிவித்தார். அவர் சொன்ன காரணத்தில் எனக்கு உடன்பாடில்லை. ஆனால் மாணவர் குரலைத் தன்னால் எடுத்துச் செல்ல முடியாது என்று தெரிந்தபின் நாற்காலியை விட்டாரே, அது சரி. அதே எடின்பரோவில் 1972இல் மாணவர்கள் தங்களிலேயே ஒருவரைத் தேர்ந்தெடுத்தார்கள். வயது 21, பெயர் கார்டன் பிரவுன். பின்னாளில் பிரிட்டனின் பிரதமர் ஆனவர். பேராசிரியர்களும் பிரமுகர்களும் உட்கார்ந்த மேசையில் ஒரு மாணவர் 'அடுத்த பொருள்' என்று சொல்லியிருப்பார். அந்த நாளில் குறிப்பெடுத்தவர் யாரோ, அவர்மேல் எனக்குப் பொறாமை.

கிளாஸ்கோவில் 1971இல் கப்பல் கட்டும் தொழிலாளி ஜிம்மி ரீட். கிளைட் நதிக்கரையில் கப்பல்தளங்களை மூட அரசு முனைந்தபோது, வேலைநிறுத்தம் செய்யாமல் உள்ளே புகுந்து வேலையைத் தொடர்ந்து நடத்திக் காட்டிய போராட்டத்தின் தலைவர்களில் ஒருவர். எலிப்பந்தயம் எலிகளுக்கு, நாம் எலிகள் அல்ல என்று அவர் 1972இல் ஆற்றிய ஏற்புரையை நியூயார்க் டைம்ஸ் வெளியிட்டது.

அதே கிளாஸ்கோதான் வரமுடியாதவர்களையும் தேர்ந்தெடுத்தது. 1962இல் தென்னாப்பிரிக்காவின் நிறவெறி எதிர்ப்புத் தலைவர் ஆல்பர்ட் லுதுலி, 1987இல் வின்னி மண்டேலா, அப்புறம் இஸ்ரேலின் அணுஆயுத ரகசியத்தை வெளியிட்ட மொர்தெகாய் வனுனு, 2014இல் அமெரிக்க உளவு ரகசியங்களை வெளியிட்டு மாஸ்கோவில் தஞ்சம் புகுந்திருந்த எட்வர்ட் ஸ்னோடென். எங்கள் அலுவலகத்தில் இந்தப் பேச்சு எழுந்தால் இரண்டு கட்சி பிரியும். காலி நாற்காலிக்கு 3 ஆண்டு ஓட்டுப் போட்டு என்ன பயன் என்பார்கள் சிலர். சிறையிலும் தடையிலும் இருப்பவருக்கு ஒரு பல்கலைக்கழகத்தின் கௌரவத்தைக் கொடுப்பது சின்ன விஷயமா என்பார்கள் மற்றவர்கள். நான் இரண்டு பக்கமும் தலையாட்டியிருக்கிறேன். இப்போது கேட்டால் முதல் கட்சிதான். லுதுலியை மதிக்க ஆயிரம் வழி உண்டு. நானூறு பக்கத்தை உங்களுக்காகப் படிக்க ஒருவர்தான் உண்டு.

இதை நான் சொல்வதற்குக் காரணம் ஒரு மாணவர். எங்கள் ரெக்டர் வாரம் ஒருமுறை நூலகத்துக் காபிக்கடையில் ஒரு மணிநேரம் உட்கார்வார். யார் வேண்டுமானாலும் போய்ப் பேசலாம். ஒருநாள் கையெழுத்து வாங்கப் போனேன். எதிரில் ஒரு இந்திய முதுகலை மாணவர், கோயம்புத்தூர்ப் பையன் என்று பேச்சிலேயே தெரிந்தது. கட்டணத்தின் கடைசித் தவணை ஊர் வங்கியில் மாட்டிக்கொண்டது. கெடு தாண்டிய மறுநாளே இணையக் கணக்கு பூட்டப்பட்டது. பாடக்குறிப்பு இல்லை, நூலக அட்டை வேலை செய்யவில்லை, ஆய்வேடு கொடுக்க மூன்று வாரம். கட்டண அலுவலகம் 'கணினி தானாகச் செய்வது' என்றதாம். ரெக்டர் எதுவும் வாக்குக் கொடுக்கவில்லை. தேதிகளை மட்டும் பென்சிலால் குறித்துக்கொண்டார். கிளம்பும்போது அந்தப் பையன் என்னிடம் தமிழில் கேட்டான்: "அண்ணா, இவரு சொன்னா நடக்குமா?" நடக்காது என்றுதான் நினைத்தேன். "கேட்பாரு" என்றேன்.

கேட்டார். அடுத்த கோர்ட் கூட்டத்தில், இதர விஷயங்கள் என்ற இடத்தில், எல்லோரும் பையை எடுத்துக்கொண்டிருந்த நேரம். "போன ஆண்டு இப்படி எத்தனை மாணவர்களின் கணக்கு பூட்டப்பட்டது?" அவ்வளவுதான் கேள்வி. நிதி இயக்குநர் பதிவாளரைப் பார்த்தார். பதிவாளர் செயலரைப் பார்த்தார். யாரிடமும் எண் இல்லை. ரெக்டர் கோபப்படவில்லை, பேசவும் இல்லை. தலைமை நாற்காலியில் இருந்ததால் கூட்டத்தை முடிக்க வேண்டியவர் அவர், முடிக்காமல் காத்திருந்தார். அந்த அமைதியை எந்த வினைச்சொல்லில் எழுதுவது என்று தெரியாமல் நான் பேனாவோடு உட்கார்ந்திருந்தேன். கடைசியில், அடுத்த கூட்டத்துக்கு அறிக்கை தருகிறோம் என்று பதிவாளர் சொன்னார்.

அந்த மேசையில் இருந்த வேறு யாரும் அதைக் கேட்டிருக்க முடியாது என்று நான் சொல்ல வரவில்லை. மாணவர் சங்கத் தலைவரும் அங்கே இருந்தார். ஆனால் அவர் சங்க மானியத்துக்காக அதே நிதி இயக்குநரைப் பார்க்க வேண்டியவர். பேராசிரியர்களுக்குப் பதவி உயர்வு இருக்கிறது. வெளி உறுப்பினர்களை அழைத்து வந்ததே கோர்ட்தான். ரெக்டர் ஒருவருக்குத்தான் அந்த அறையில் யாரிடமும் கடன் இல்லை.

குறிப்பில் நான் கேள்வியை அப்படியே எழுதினேன். மேலதிகாரி அடித்து, 'உறுப்பினர் ஒருவர் கட்டண நடைமுறை குறித்து விளக்கம் கோரினார். கோர்ட் கவனத்தில் கொண்டது' என்று மாற்றினார். கவனத்தில் கொண்டது என்றால் எங்கள் மொழியில் புதைத்துவிட்டது என்று பொருள். அறிக்கை வாக்குறுதியும் காணாமல் போயிருந்தது. வாதாட எனக்குத் தைரியம் இல்லை. விசா, வாடகை, ஆறு மாதத் தகுதிகாண் காலம். பேசாமல் அனுப்பிவிட்டேன்.

அடுத்த கூட்டத்தின் முதல் பொருள், போன கூட்டக் குறிப்பை உறுதிசெய்தல். வழக்கமாகப் பத்து நொடி. அன்று ரெக்டர் பென்சிலால் கோடிட்ட தன் பிரதியை எடுத்தார். "இந்த உறுப்பினர் ஒருவர் நான்தான். என் கேள்வி இது. எனக்குக் கிடைத்த பதில் இது. திருத்திக்கொள்வோமா?" என்னைப் பார்க்கவே இல்லை. பார்த்திருந்தால் நான் உடைந்திருப்பேன். திருத்தப்பட்டது. அறிக்கை வந்தது. கணக்கைப் பூட்டும் முன் எச்சரிக்கையும் இரண்டு வார அவகாசமும் என்று விதி மாறியது. கோயம்புத்தூர்ப் பையனுக்கு அதனால் பயனில்லை. அவன் அதற்குள் எப்படியோ பணம் கட்டிப் படிப்பை முடித்துவிட்டுப் போயிருந்தான்.

எல்லாம் இப்படி இனிமையாகவே போகும் என்றில்லை. மாணவர்கள் தேர்ந்தெடுத்தாலும், கோர்ட்டில் அமர்ந்தபின் ரெக்டர் சட்டப்படி ஓர் அறக்கட்டளையின் பொறுப்பாளர். 2005ஆம் ஆண்டு ஸ்காட்டிஷ் அறக்கட்டளைச் சட்டத்தின்படி அவர் முழு நிறுவனத்தின் நலனையும் பார்க்க வேண்டும். ஓட்டுப் போட்டவர் ஒரு பக்கம் இழுக்க, சட்டம் இன்னொரு பக்கம் இழுக்கும். செயின்ட் ஆண்ட்ரூஸில் 2023இல் ரெக்டரான ஸ்டெல்லா மாரிஸ், காஸா போர் பற்றி மாணவர்களுக்கு எழுதிய மின்னஞ்சலால் பெரும் சர்ச்சை எழுந்து, 2024இல் கோர்ட் பொறுப்பிலிருந்து விலக்கப்பட்டு, மேல்முறையீட்டில் திரும்ப வந்தார். அந்த மாதங்களில் எங்கள் அலுவலகத்தில் 'பொறுப்பாளர் கடமை' பற்றிப் பயிற்சி வகுப்புகள் திடீரென்று பெருகின. எங்கள் ரெக்டர் ஒரு வகுப்பில் கையைத் தூக்கி, மாணவர் நலனும் நிறுவன நலனும் வெவ்வேறு என்று எந்தப் பிரிவு சொல்கிறது என்று கேட்டார். பயிற்றுநர் அடுத்த படத்துக்குப் போனார்.

3 ஆண்டு முடிந்தது. கடைசிக் கூட்டம் முடிந்து, தன்னிடமிருந்த அச்சுப் பிரதிகள் எல்லாவற்றையும் இரண்டு பெரிய துணிப்பைகளில் கொண்டுவந்து என் மேசையில் வைத்தார். ரகசியக் காகிதங்கள், விதிப்படி நான் வாங்கி இயந்திரத்தில் போட்டு நறுக்க வேண்டும். சைக்கிளில் எப்படிக் கொண்டுவந்தீர்கள் என்று கேட்டேன். தள்ளிக்கொண்டே வந்தேன் என்றார். கை குலுக்கிவிட்டுப் போனார்.

சாயங்காலம் இயந்திரத்தின் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு கட்டாகப் புரட்டினேன். ஓரங்களில் பென்சில் எழுத்து. 'யார் கேட்டது இதை?' 'எத்தனை பேர்?' 'போன முறை வேறு எண் சொன்னார்களே.' ஒரு பக்கத்தில் என் பெயரை எழுதி, பக்கத்தில் 'பலகை' என்று எழுதி, சிரிக்கும் முகம் ஒன்று வரைந்திருந்தார். அன்று நறுக்கவில்லை. பைகளை மேசைக்கடியில் தள்ளிவிட்டு வீட்டுக்குப் போய்விட்டேன். வெள்ளிக்கிழமை மேலதிகாரி நினைவுபடுத்திய பிறகுதான் போட்டேன். ஒவ்வொரு தாளாக.