நான்காவது முறை மடங்கிய இறக்கை

நான் செய்துவரும் கப்பல் மாதிரியில் வைக்கும் குட்டிக் கடல்விமானத்தின் இறக்கை நேற்றிரவு பதினோரு மணிக்கு மடங்கியது. மடக்கிய விமானத்தை விரலால் தள்ளினேன். கப்பலில் உள்ள விமானக் கொட்டகையின் வாசலில் எங்கும் உரசாமல் உள்ளே போய் நின்றது. மூன்று வாரமாக இந்த ஒரு வேலை. அந்த மகிழ்ச்சி ஆறுவதற்குள் எழுதிவிடுகிறேன்.

கப்பல் 'பென்-மை-கிரீ'. மேன் தீவின் மொழியான மாங்க்ஸில் 'என் மனத்துக்கினியவள்' என்று பொருள். 1908இல் இங்கிலாந்தின் பாரோவில், விக்கர்ஸ் கப்பல் கட்டும் தளத்தில் கட்டி நீரில் இறக்கினார்கள். லிவர்பூலுக்கும் மேன் தீவின் டக்ளஸ் துறைமுகத்துக்கும் இடையே ஓடிய பயணிகள் கப்பல். டர்பைன் இயந்திரம், மணிக்கு 24 கடல்மைலுக்கு மேல் வேகம். இரண்டாயிரத்துக்கும் அதிகமான பயணிகளை ஏற்றிக்கொண்டு மூன்று மணி நேரத்துக்குள் கடலைக் கடந்த கப்பல் அது. முதல் உலகப் போரின்போது, 1915 தொடக்கத்தில் பிரிட்டிஷ் கடற்படை அதை எடுத்துக்கொண்டு, பின்பகுதி மேற்கட்டுமானத்தை அகற்றி, பெரிய கொட்டகை ஒன்றைப் பொருத்திக் கடல்விமானங்களை (மிதவைகளோடு நீரில் இறங்கி ஏறும் விமானங்களை) சுமக்கும் தாய்க்கப்பலாக மாற்றியது.

என் மாதிரி 1:144 அளவு. உடல் சுமார் 80 செ.மீ. முழுவதும் ஸ்டைரீன் என்ற பிளாஸ்டிக் தகடு. உடலும் இரண்டு புகைபோக்கிகளும் போன மழைக்காலத்திலேயே முடிந்தன. முதலில் பயணிகள் கப்பலாகவே கறுப்பும், சிவப்புப் புகைபோக்கியுமாக வண்ணம் தீட்டி, அதன் மேல்தான் போர்க்காலச் சாம்பலைப் பூசினேன். அடியில் இருக்கும் சிவப்பு யார் கண்ணுக்கும் தெரியாது. ஆனாலும் நிஜக் கப்பலில் எப்படி நடந்ததோ அதே வரிசையில் செய்ய வேண்டும் என்பது என் பிடிவாதம்.

இப்போது இறக்கைக்கு வருகிறேன். இந்தக் கப்பல் சுமந்த ஷார்ட் 184 கடல்விமானத்துக்கு மேலும் கீழுமாக இரண்டு அடுக்கு இறக்கை. அது விரிந்த நிலையில் முனைக்கு முனை 63 அடிக்கு மேல். கப்பலின் அகலமோ 46 அடிதான். கப்பலை விட விமானம் அகலம்! என் அளவில் 134 மி.மீ.க்கு 97 மி.மீ. ஷார்ட் நிறுவனத்தின் மடக்கு இறக்கை இல்லாமல் போயிருந்தால் இந்தப் பயணிகள் கப்பலின் கொட்டகைக்குள் ஒரு விமானம்கூட நுழைந்திருக்காது. மடக்கினால் அகலம் 16 அடி சொச்சம், அதாவது எனக்கு 34 மி.மீ. அப்படியானால் இரண்டு விமானங்களைப் பக்கம்பக்கமாக நிறுத்தலாம். புத்தகத்தில் படித்தபோது சாதாரண விஷயமாகத் தெரிந்தது, தகட்டை வெட்டிக் கையில் வைத்துப் பார்த்த பிறகுதான் அதன் கனம் உறைத்தது. ஆகவே மாதிரியிலும் இறக்கை உண்மையிலேயே மடங்க வேண்டும் என்று முடிவு செய்தேன்.

முதல் முறை, இறக்கை கதவுபோலத் திரும்புவதற்கான கீலை இறக்கையின் முன்விளிம்பில் வைத்தேன். பின்னால் சுழற்றியதும் பின்விளிம்பு விமானத்தின் உடலில் போய் இடித்தது. இரண்டாம் முறை கீலை வெளியே தள்ளினேன். இடிக்கவில்லை, ஆனால் அகலம் 41 மி.மீ. ஆகிவிட்டது, வாசலில் சிக்கியது. மூன்றாம் முறை இறக்கைக்குள் நீளவாக்கில் ஓடும் பின்பக்கச் சட்டத்தின் மேலேயே வைத்தேன். இடம் சரியாகத்தான் இருந்தது. ஆனாலும் பாதி மடங்கி முறுக்கிக்கொண்டது. இரண்டு நாள் உற்றுப் பார்த்த பிறகே காரணம் பிடிபட்டது. மேலிறக்கையின் கீலும் கீழிறக்கையின் கீலும் ஒரே செங்குத்துக் கோட்டில் இல்லை, அரை மி.மீ. விலகல். வீட்டுக் கதவின் மேல்கீலும் கீழ்க்கீலும் விலகினால் கதவு எப்படித் திறக்கும்?

நான்காம் முறை மேலிறக்கையையும் கீழிறக்கையையும் ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கி, உள்விளிம்பும் பின்விளிம்பும் சேர்த்துப் பிடிப்பியால் இறுக்கி, ஒரே தடவையில் துளையிட்டேன். துளை 0.3 மி.மீ. கையால் துளையிட்டால் சாயும், நிலைத் துளைப்பானில்தான் செய்ய வேண்டும். இரண்டு துளைகளிலும் ஒரே கம்பியைச் செருகினேன். அதுவே கீல், இறக்கைகளுக்கு இடையே நிற்கும் பின்பக்கத் தாங்குகுச்சியும் அதுவே.

கம்பியைப் பற்றி ஒரு புகார். இணையத்தில் ஒருவரிடம் பித்தளைக் கம்பி வாங்கினேன். வந்தது பித்தளை நிறம் பூசிய செம்பு. இடுக்கியால் தொட்டாலே வளைந்தது. பணமும் போயிற்று, பத்து நாளும் போயிற்று. கடைசியில் கைகொடுத்தது வீணைத் தந்தி. எஃகு, வளையாது, நேராக நிற்கும். இசைக்கருவிக் கடையில் மிகச் சொற்ப விலை. இனி மெல்லிய கம்பிக்கு வேறு எங்கும் போவதாக இல்லை.

விமானத்தின் அடியில் தொங்கும் டார்பிடோவும் (நீருக்குள் பாய்ந்து கப்பலைத் தாக்கும் குண்டு) தயார். 14 அங்குல விட்டம் 1:144இல் 2.5 மி.மீ.; காது துடைக்கும் பஞ்சுக்குச்சியின் தண்டு கச்சிதமாகப் பொருந்துகிறது. நுனியைப் பட்டி (நிரப்புப் பசை) வைத்து உருட்டி உப்புத்தாளில் தேய்த்தேன். இந்தச் சிறு குச்சியை மிதவைகளுக்கு நடுவே தொங்கவிட்டபோது கை நடுங்கியது. 1915 ஆகஸ்ட் 12 அன்று இந்தக் கப்பலிலிருந்து கிளம்பிய விமானி சார்ல்ஸ் எட்மண்ட்ஸ், விமானத்திலிருந்து டார்பிடோ வீசி ஒரு துருக்கியக் கப்பலைத் தாக்கினார். உலகில் அதுவே முதல் தடவை. பாரம் தாங்காது என்பதால் உடன்சென்று வேவு பார்ப்பவரை இறக்கிவிட்டு, எரிபொருளையும் குறைத்துக்கொண்டு, நீர்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 15 அடி உயரத்தில் பறந்து வீசினார். அந்தக் கப்பலை ஈ14 என்ற பிரிட்டிஷ் நீர்மூழ்கி முன்பே தாக்கியிருந்தது. அதனால் எட்மண்ட்ஸின் பெருமை குறைவதாக நான் நினைக்கவில்லை.

முன்தளத்தில் கழற்றி மாட்டும் 60 அடி ஓடுதளம் இன்னும் பாக்கி. அதன் தாங்கு சட்டங்களுக்குத் தகடு வெட்டி வைத்திருக்கிறேன், ஒட்டவில்லை. அதற்குள் மனம் அடுத்த கப்பலுக்குத் தாவிவிட்டது: 'எங்கடைன்'. அதுவும் பயணிகள் கப்பல்தான், ஆங்கிலக் கால்வாயில் ஓடியது. 1916 மே 31, பிரிட்டிஷ், ஜெர்மன் கடற்படைகள் மோதிய ஜட்லாந்து போரில் அதிலிருந்து ஒரு விமானம் வேவு பார்க்கப் பறந்தது. போருக்குப் பிறகு மறுபடி பயணிகளை ஏற்றி, பிலிப்பைன்ஸுக்கு விற்கப்பட்டு 'கொரெகிடோர்' ஆகி, 1941 டிசம்பரில் மணிலா விரிகுடா வாயிலில் கண்ணிவெடியில் மூழ்கியது. நூற்றுக்கணக்கானோர் இறந்தார்கள். அந்த வரைபடத்தை விரித்தால் இதை முடிக்க மாட்டேன் என்று சுருட்டி வைத்திருக்கிறேன்.

பென்-மை-கிரீயின் முடிவு வேறு மாதிரி. 1917 ஜனவரி 11, துருக்கிக் கரைக்கு எதிரே உள்ள காஸ்டெலொரிசோ தீவின் துறைமுகத்தில் நங்கூரமிட்டிருந்தபோது கரையிலிருந்து பீரங்கிகள் சுட்டன. ஒரு குண்டு கொட்டகைக்குள் விழுந்து பெட்ரோல் தீப்பற்றியது. கேப்டன் சாம்சன் எல்லோரையும் இறக்கிவிட்டார். கப்பலில் வளர்த்த நாயும் பூனையும் உயிரோடு இருந்தன. பிறகு அவரும் தலைமைப் பொறியாளரும் திரும்பப் போய் அவற்றை மீட்டு வந்தார்கள். 1920இல் கப்பலை மிதக்கவைத்து, 1923இல் வெனிஸில் உடைத்தார்கள்.

கொட்டகைக் கூரையை ஒட்டாமல் கழற்றி எடுக்கும்படியே விட்டிருக்கிறேன். உள்ளே மடங்கி நிற்கும் விமானத்தைப் பார்க்க வேண்டும். இரண்டாவது விமானத்துக்கான இறக்கைகளை இன்று காலை அடுக்கி இறுக்கி வைத்துவிட்டேன், மாலையில் துளையிட வேண்டும். நாய், பூனை இரண்டையும் பட்டியில் பிடித்துத் தளத்தில் வைக்கலாமா என்று யோசனை. 1:144இல் பூனை 2 மி.மீ. உயரம்கூட வராது.