வெள்ளாளன்விளையிலிருந்து தோர்ணக்கல் வரை

பேராயர் வி.எஸ். அசரியாவை நம் ஊர்ப்பக்கமே மறந்துகொண்டிருப்பது எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது. 1874-இல் திருநெல்வேலிச் சீமையில் வெள்ளாளன்விளையில் பிறந்தவர், 1912-இல் கல்கத்தாவில் அபிஷேகம் பெற்று ஆங்கிலிக்கன் திருச்சபையின் (இங்கிலாந்துத் திருச்சபை வழிவந்த சபை) முதல் இந்தியப் பேராயர் ஆனார்.

அதற்கு இரண்டு வருஷம் முன்பு ஸ்காட்லாந்தின் எடின்பரோவில் நடந்த உலக மிஷனரி மாநாட்டில், வெள்ளைக்கார மிஷனரிகள் நிறைந்த சபையில் எழுந்து நின்று, ஏழைகளுக்கு உங்கள் பொருளைக் கொடுத்தீர்கள், உயிரையே கொடுத்தீர்கள், எங்களுக்கு நண்பர்களையும் கொடுங்கள் என்று முகத்துக்கு நேரே கேட்டார் பாருங்கள், அந்தத் தைரியம் யாருக்கு வரும்!

அப்புறம் வாழ்நாள் முழுக்கத் தெலுங்கு நாட்டில், தோர்ணக்கல்லில்தான். தெலுங்கு கற்று, மாட்டுவண்டியில் கிராமம் கிராமமாகப் போனார். அவர் கட்டிய பேராலயத்தில் கோயில் சாயலும் உண்டு, மசூதி சாயலும் உண்டு. பிரிந்து கிடந்த பல சபைகள் தென்னிந்தியத் திருச்சபையாக ஒன்றாவதற்கு அவ்வளவு பாடுபட்டவர், 1947-இல் அது நடந்தபோது உயிரோடு இல்லை. 1945 ஜனவரி 1 அன்றே போய்விட்டார்.