சாட்சிக் கையெழுத்து

மார்ச் 4

சம்மன் வந்துவிட்டது. 2016இல் பக்கத்து வீட்டுப் பெரியம்மா (சொந்தமில்லை, கூப்பிடுவது அப்படித்தான்) எழுதிய உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்டது நான். இன்னொரு சாட்சி இறந்துவிட்டார். வீடு முழுக்க இளைய மகனுக்கு. மகள் பெயரே அதில் இல்லை. அது அம்மாவின் கையெழுத்தே இல்லை என்று மகள் சொல்கிறார்.

மார்ச் 6

உயில்தான் பதிவாகியிருக்கிறதே, அப்புறம் என்ன என்று நானும் நினைத்திருந்தேன். பதிவு செய்தால் மட்டும் உயில் உண்மை என்று ஆகிவிடாதாம். சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களில் ஒருவராவது உயிரோடு இருந்து, கோர்ட்டுக்கு வர முடிகிற நிலையில் இருந்தால், அவரைக் கூண்டில் ஏற்றித்தான் நிரூபிக்க வேண்டும். பழைய சாட்சியச் சட்டத்தில் 68ஆம் பிரிவு, 2023இல் வந்த புதிய சட்டத்தில் 67. எழுதியவரைக் கூப்பிட்டுக் கேட்க முடியாதே, அதனால்தான் இவ்வளவு கண்டிப்பு. ஆக, மிச்சமிருப்பது நான் ஒருவன்.

மார்ச் 11

இளையவரின் வக்கீலைப் பார்க்கப் போனோம். "எல்லாரும் ஒண்ணா இருந்தோம்னு சொல்லிடுங்க அண்ணே" என்றார் இளையவர். ஒன்றாக இல்லை. இன்னொரு சாட்சி அரை மணி நேரம் கழித்துத்தான் வந்தார். பெரியம்மா அவரிடம் தாளைக் காட்டி, "நான்தான் போட்டேன், நீங்களும் போடுங்க" என்றார், அவரும் பெரியம்மா கண் முன்னாலேயே போட்டார். இதைச் சொன்னால் உயில் போய்விடுமோ என்று எனக்கு வயிற்றைக் கலக்கியது.

வக்கீல் 1925ஆம் வருட வாரிசுரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவை எடுத்துக் காட்டினார். இரண்டு சாட்சிகளும் ஒரே நேரத்தில் இருக்கத் தேவையில்லை. எழுதியவர் கையெழுத்துப் போட்டதை ஒவ்வொருவரும் பார்த்திருக்க வேண்டும், இல்லையென்றால் அது தன் கையெழுத்துதான் என்று அவர் வாயால் சொல்லக் கேட்டிருக்க வேண்டும், அவர் முன்னிலையில் சாட்சி கையெழுத்துப் போட வேண்டும். "நடந்ததை நடந்தபடி சொல்லுங்க, அது போதும்" என்றார். பெரிய நிம்மதி.

ஆனால் டைப் செய்பவரைக் கூட்டி வந்தது இளையவர்தான். அதையும் கேட்பார்கள், நானும் மறைக்கப் போவதில்லை. உயிலால் பலனடைகிறவரே அதை எழுதுவதில் முன்னின்றால் அது சந்தேகத்துக்கு இடம் தரும், அந்தச் சந்தேகத்தைப் போக்க வேண்டியது உயிலை முன்வைப்பவர் பொறுப்பு என்று 1958லேயே வெங்கடாசல ஐயங்கார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மகளுக்கு ஏன் ஒன்றுமில்லை என்பதும் அதே கணக்கில் வரும்.

மார்ச் 20

கையெழுத்து நிபுணரின் அறிக்கை வந்திருக்கிறது. பெயரின் நடுவில் பேனா தூக்கப்பட்டிருக்கிறது, கோடு நடுங்குகிறது, அதனால் சந்தேகம் என்கிறார். ஒப்பிட்டதோ பெரியம்மா திடமாக இருந்தபோது போட்ட பழைய கையெழுத்துகளோடு. உயில் எழுதிய காலத்துக் கையெழுத்தோடு அல்லவா ஒப்பிட வேண்டும்? பெயரின் நடுவில் விழுந்த அந்த இடைவெளி எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. மேசை மேல் பிளாஸ்டிக் விரிப்பு, தாள் வழுக்கியது, பாதிப் பெயரில் நிறுத்திவிட்டு "தம்பி, இதைக் கொஞ்சம் பிடிப்பா" என்றார். தாளின் மூலையை நான் அழுத்திப் பிடித்தபிறகுதான் மீதிப் பெயர்.

ஏப்ரல் 2

குறுக்கு விசாரணை. "உயிலைப் படித்தீர்களா?" இல்லை என்றேன், சாட்சிக்கு உள்ளே இருப்பது தெரிய வேண்டியதில்லை. "டைப் செய்பவரை அழைத்து வந்தது யார்?" இளையவர். "கையெழுத்துப் போடும்போது அவர் எங்கே இருந்தார்?" வாசலில். தாள் வழுக்கியதைச் சொன்னபோது நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டு, எந்த எழுத்துக்கு அப்புறம் என்று கேட்டார். சொன்னேன். உயிலை எடுத்துப் பார்த்துக்கொண்டார்.

வெளியே வராண்டாவில் மகள் நின்றிருந்தார். ஒதுங்கிப் போய்விடலாம் என்றுதான் நினைத்தேன். அவரே வந்தார்.

"தாளைப் பிடிச்சது நீங்களா?"

"ஆமாம்மா."

"அம்மாவுக்குக் கை அவ்வளவா நடுங்குச்சு?"

ஆமாம் என்றேன்.