அப்பத்தாவும் மொய் நோட்டும்

நிலப்பத்திரம் இருக்கும் பீரோவில்தான் எங்கள் வீட்டு மொய் நோட்டுகளும் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் முதல் பக்கத்தில் பிள்ளையார் சுழி, நான்கு மூலையிலும் மஞ்சள். இருப்பதிலேயே பழையது, 1956-ல் என் கணவரின் அப்பத்தா இந்த வீட்டுக்கு வாக்கப்பட்டு வந்தபோது எழுதப்பட்டது. ஊர், பெயர், தொகை, அவ்வளவுதான். தொகையெல்லாம் ரூபாய் அணாவில் இருக்கும். நயா பைசா வந்தது 1957 ஏப்ரலில்தானே. பக்கம் பக்கமாக எட்டணா, ஒரு ரூபாய். முதல் வரியில் தாய்மாமன் பெயருக்கு நேரே மட்டும் 11 ரூபாய்.

அப்பத்தாவுக்கு எழுத்து தெரியாது. ஆனால் ஊரையும் பேரையும் வாசித்தால் போதும். "அது நாம கெணறு வெட்டுன வருசம் வெதநெல்லு குடுத்த வீடுத்தா" என்பார். நோட்டில் இல்லாதது அத்தனையும் அவரிடம் இருக்கிறது.

எங்கள் புதுக்கோட்டைப் பக்கம் மொய் என்றால் விளையாட்டு இல்லை. ஒரு பத்திரிகை வந்ததும் அத்தை கேட்கும் முதல் கேள்வி, "அவுக நமக்கு என்ன செஞ்சிருக்காக?" மாமா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நோட்டை எடுப்பார். வாங்கியதைத் திருப்பி, மேலே கொஞ்சம் புதிதாகப் போட வேண்டும். வாங்கியவர் இறந்துவிட்டால் மகன் செய்வார். கீரமங்கலம், வடகாடு, பேராவூரணிப் பக்கம் ஆடி மாதம் மொய் விருந்தே நடக்கும். கறிச்சோறு போட்டு, வரும் பணத்தில் போர் போடுவார்கள், பிள்ளையைக் கல்லூரியில் சேர்ப்பார்கள். வட்டி கிடையாது. திருப்பிச் செய்ய முடியாமல் நகையை அடகு வைக்கிற குடும்பங்களும் உண்டு. அது எனக்குப் பெரிய வருத்தம்.

அதனால்தான் 2018 நவம்பரில் கஜா புயல் அடித்த பிறகு மாமா செய்ததை எழுதி வைக்க நினைக்கிறேன். அந்தப் பக்கத்துச் சொந்தங்களுக்குத் தென்னந்தோப்புதான் சோறு. ஒரே இரவில் மரங்கள் வேரோடு சாய்ந்துவிட்டன. புதுக் கன்று வைத்தால் காய்க்க ஐந்தாறு வருடமாவது ஆகும். அடுத்த வருடம் எங்கள் வீட்டில் ஒரு காதுகுத்து. மாமா வீடு வீடாகப் போய்ப் பத்திரிகை வைத்தார். "சாப்பிட மட்டும் வாங்க, நோட்டுப் பக்கம் வந்தா எனக்குக் கோவம் வரும்" என்று ஒவ்வொருவரிடமும் நேரில் சொன்னார். போனில் சொல்லியிருக்கலாம். கடன்பட்டவன் போனில் கேட்கும்போது கூசிப் போவான் என்பது அவர் எண்ணம். அவர்கள் வந்தார்கள். பந்தியில் முதல் வரிசையில் உட்கார வைத்தோம். பிறகு காய் வெட்டத் தொடங்கியதும் ஒவ்வொரு வீடாகத் தாங்களாகவே வந்து செய்தார்கள்.

இப்போது பத்தாவது படிக்கும் என் மகள் இந்த நோட்டுகளைக் கம்ப்யூட்டரில் ஏற்றுகிறாள். தொகைக்குப் பக்கத்தில் 'யார், என்ன உறவு' என்று ஒரு கட்டம் சேர்த்திருக்கிறாள். சாயங்காலம் அவள் வாசிக்க, அப்பத்தா சொல்வார். சில பெயர்களுக்கு அரை மணி நேரம் ஆகும். அப்படியே அழுதுவிடுவார், அப்புறம் அன்றைக்கு வேலை நடக்காது. நாங்களும் அவசரப்படுத்துவதில்லை.

1956 நோட்டு முடியப் போகிறது. அடுத்தது 1979, மாமா கல்யாணம். அதற்கு அத்தையும் உட்கார வேண்டும், பாதிப் பேர் அவர் பிறந்த வீட்டு ஆட்கள்.