60 சதவீதம் என்றால் எதில் 60?

டெஸ்ட் டியூப் குழந்தை (ஐவிஎஃப்) சிகிச்சைக்காக டாக்டர் அறையில் முதல் தடவை உட்கார்ந்திருந்தபோது என் காதில் விழுந்தது ஒரே ஒரு எண்தான். "பிளாஸ்டோசிஸ்ட் வைத்தால் 60 சதவீதம் வாய்ப்பு." அதற்கு முன்னும் பின்னும் அவர் சொன்ன எதுவும் மண்டையில் ஏறவில்லை. எதில் 60 என்று கேட்கத் தோன்றியதே ஒரு தோல்விக்கு அப்புறம்தான்.

கருவுற்ற முட்டை மூன்றாம் நாளில் 6 முதல் 8 செல்களோடு இருக்கும். ஐந்தாம் நாள் வரை தாக்குப்பிடித்தால், உள்ளே நீர் கோத்துக்கொண்டு, குழந்தையாகப் போகிற செல்கள் ஒரு ஓரமாகக் கொத்தாகவும் நஞ்சுக்கொடியாகப் போகிறவை சுற்றிலும் சுவர் மாதிரியும் பிரிந்துவிடும். அதுதான் பிளாஸ்டோசிஸ்ட். முதல் இரண்டு மூன்று நாள் முட்டை சேர்த்து வைத்திருந்ததைக் கொண்டே கரு ஓட்டிவிடும், அதற்குமேல் தன் சொந்த மரபணுக்களை நம்பித்தான் வளர வேண்டும், பல கருக்கள் அங்கேதான் நின்றுபோகின்றன. ஆகவே ஐந்தாம் நாளைத் தாண்டியது ஒட்டிக்கொள்ள வாய்ப்பு அதிகம் என்பது சரிதான். ஆனால் இது சல்லடை வேலை. லேபில் கூடுதலாக இரண்டு நாள் வைத்திருந்ததால் கரு உசத்தியாகிவிடாது, எது தேறும் எது தேறாது என்று நமக்குத் தெரியவருகிறது, அவ்வளவுதான்.

எங்கள் கணக்கை ஒரு பழைய கவரின் பின்பக்கம் எழுதி வைத்திருந்தேன், லேபிலிருந்து போன் வரும்போதெல்லாம் ஒரு வரி. எடுத்த முட்டை 11. முதிர்ந்தவை 8. கருவுற்றவை 6. மூன்றாம் நாள் 6-ம் நன்றாக இருக்கின்றன என்றார்கள், அன்று ராத்திரி நிம்மதியாகத் தூங்கினேன். ஐந்தாம் நாள் 2. நான்கு என்ன ஆயிற்று என்று கேட்டதற்கு, "வளர்ச்சி நின்றுவிட்டது மேடம், இது வழக்கம்தான்" என்றார் லேபில் கருக்களைக் கவனிக்கிற எம்பிரியாலஜிஸ்ட். கருவுற்றதில் பாதி பிளாஸ்டோசிஸ்ட் ஆனாலே நல்ல விளைச்சல் என்பது எனக்கு அப்போது தெரியாது.

இங்கேதான் அந்த 60 வருகிறது. ஒன்றுகூட ஐந்தாம் நாளுக்கு வராமல் வெறுங்கையோடு வீட்டுக்குப் போகிறவர்களும் இருக்கிறார்கள், அவர்களுக்கு டிரான்ஸ்ஃபரே, அதாவது கருவைக் கருப்பைக்குள் வைப்பதே, நடப்பதில்லை, அதனால் டிரான்ஸ்ஃபரை வைத்துப் போடுகிற கணக்கில் அவர்கள் பெயரே இருக்காது. 100 பேர் முட்டை வளர்வதற்கான ஊசி போட ஆரம்பித்து 70 பேருக்கு டிரான்ஸ்ஃபர் நடந்து 35 குழந்தை பிறந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு கணக்கில் அது 50 சதவீதம், இன்னொரு கணக்கில் 35. இரண்டும் பொய் இல்லை. அதுபோக வெற்றி என்பது கர்ப்பத்தைக் காட்டுகிற பீட்டா ஹெச்சிஜி ரத்தப் பரிசோதனை பாசிட்டிவா, ஸ்கேனில் இதயத்துடிப்பா, கையில் குழந்தையா? ஒவ்வொரு படியிலும் எண் இறங்கும். பெண்ணின் வயதைச் சொல்லாத சதவீதத்தை நான் இப்போது காதிலேயே போட்டுக்கொள்வதில்லை.

மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து அலசுகிற காக்ரேன் அமைப்பு, பல ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்து 2016-ல் வெளியிட்ட அறிக்கையில், உறைய வைக்காமல் உடனே வைக்கிற மூன்றாம் நாள் கருவால் 29 சதவீதம் பேருக்குக் குழந்தை பிறந்தால் பிளாஸ்டோசிஸ்டில் அது 32-லிருந்து 42-க்குள் இருக்கலாம் என்று இருந்தது. கூடுதல்தான், ஆனால் நான் மனதில் கட்டியிருந்த கோட்டை அளவுக்கு இல்லை. ஒரே தடவை எடுத்த முட்டைகளிலிருந்து, உறைய வைத்தவற்றையும் சேர்த்துப் பார்த்தால், தெளிவான வித்தியாசம் இல்லை. தேறிய கரு ஒன்றிரண்டுதான் என்றால் சில டாக்டர்கள் மூன்றாம் நாளே வைத்துவிடலாம் என்பது இதனால்தான்.

எனக்கு முதலில் வைத்தது 4ஏபி. எண் எவ்வளவு விரிந்திருக்கிறது என்பதற்கு, முதல் எழுத்து உள்ளே இருக்கிற கொத்துக்கு, அடுத்தது சுற்றுச் சுவருக்கு. நல்ல மார்க்தான், பரீட்சையில் பாஸான பிள்ளையைப் போல் பெருமைப்பட்டேன். வைக்கும்போது ஸ்கேன் திரையில் பளிச்சென்று ஒரு வெள்ளைப் புள்ளி வந்தபோது அதுதான் என் கரு என்று அழுதேன். அது கருவோடு உள்ளே போன காற்றுக்குமிழி என்று நர்ஸ் பிறகு சொன்னார். கரு கண்ணுக்கே தெரியாதாம். ஒட்டவில்லை. மார்க் என்பது பார்வைக்குத்தான், குரோமோசோம் சரியாக இருக்கிறதா என்பதை அது சொல்லாது.

இரண்டாவது 4பிபி. உறையிலிருந்து எடுத்துப் போன வாரம் வைத்தார்கள். இந்தத் தடவை டாக்டரிடம் வயது, எங்கள் எண்கள் எல்லாம் வைத்து, குழந்தை பிறக்கிற வாய்ப்பு மட்டும் சொல்லுங்கள் என்றேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு "மூன்றில் ஒன்று" என்றார். நாளை மறுநாள் ரத்தப் பரிசோதனை. வீட்டில் ஒரு டெஸ்ட் கிட் இருந்தது, இவர் அதை எங்கோ ஒளித்து வைத்துவிட்டார், காலையிலிருந்து தேடிக்கொண்டிருக்கிறேன்.